மருதன் என்றொரு பெயர்

தங்கையின் மகனுக்குப் பெயர் தேடும் பொறுப்பு, நான் தமிழ் படித்தவன் என்ற ஒரே காரணத்தால் என் தலையில் விழுந்தது. பிள்ளை பிறந்தது மக நட்சத்திரத்தில். பஞ்சாங்கப்படி ம, மி, மு, மெ என்பவற்றுள் ஒன்று முதலெழுத்தாக வரவேண்டும். 31ஆம் நாள் துடக்குக் கழிவுக்கு முன் பெயர் முடிவாக வேண்டும். தங்கை தன் பங்குக்கு ஒரு நிபந்தனை வைத்தாள். "அண்ணா, வகுப்பிலை இன்னொருத்தனுக்கு இருக்கிற பேர் வேண்டாம். மரம், மழை, மலை, அப்பிடி ஏதாவது வரவேணும்."

மருதன் என்றேன். தொட்டிலருகே இருந்த அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டார். "என்ன தம்பி, பிள்ளைக்கு மரத்தின்ர பேரோ?"

அன்று அம்மாவிடம் சொன்னதையும் சொல்ல வாய்க்காததையும் சேர்த்து இங்கு நேயர்கள் முன் வைக்கிறேன்.

ஆண்பிள்ளைக்கு இயற்கையின் பெயரை இடுவது இன்று புதுமையாகத் தோன்றுகின்றது. எமது பழைய பெயர்ப் பட்டியலைப் புரட்டினால் அது முதற்பக்கத்திலேயே இருக்கின்றது. பத்துப்பாட்டுள் ஒன்றாகிய மதுரைக்காஞ்சியைப் பாடியவர் மாங்குடி மருதனார். அதியமான் நெடுமான் அஞ்சியின் மகன் பொகுட்டெழினி. பொகுட்டு என்பது தாமரைப் பூவின் நடுவிலுள்ள கொட்டை. ஔவையார் பாடிய சேரமன்னன் ஒருவன் மாரிவெண்கோ. அவன் பெயரில் மழை இருக்கின்றது. கடுவன் மள்ளனார் என்றொரு புலவரும் இருந்தார். கடுவன் என்றால் ஆண்குரங்கு. எங்கள் ஊரில் அந்தச் சொல் ஆண்பூனைக்குப் போய்விட்டதால், அதை மட்டும் தங்கையிடம் சொல்லத் துணியவில்லை.

ஆனால் எல்லாவற்றையும் ஒரே கூடைக்குள் போடலாகாது. மைத்துனர் எங்கோ செம்புலப்பெயனீரார் என்ற பெயரைக் கண்டு, அதைச் சுருக்கிச் 'செம்புலன்' என்று வைக்கலாமே என்றார். அது தாய் தந்தையர் இட்ட பெயரன்று. பாடியவரின் பெயர் மறைந்துபோக, பாட்டிலுள்ள தொடரையே அவருக்குப் பெயராக்கி வைத்தார்கள். குறுந்தொகையில் இப்படிப் பலர் இருக்கின்றனர். அணிலாடு முன்றிலார், மீனெறி தூண்டிலார், கல்பொரு சிறுநுரையார், நெடுவெண்ணிலவினார், ஓரேருழவனார், குப்பைக்கோழியார் என்று அந்த வரிசை நீளும். வகுப்பில் இப்பெயர்களை வாசிக்கும்போது மாணவர் சிரிப்பார்கள். நானும் முன்னர் சிரித்தவன்தான். இவர்கள் ஒவ்வொருவரையும் ஒரு தாய் ஏதோவொரு பெயர் சொல்லி உண்ண அழைத்திருப்பாள். அந்தப் பெயர்கள் போய்விட்டன. எஞ்சி நிற்பவை முற்றத்து அணிலும் நிலவும் குப்பைமேட்டுக் கோழியுமே.

மருதன் அப்படியன்று, அது ஆட்பெயராகவே வழங்கியது. மருதன் இளநாகனார் என்ற பெயரை, மருதனின் மகன் இளநாகன் என்று கொள்வது வழக்கம். தந்தை பெயரை முன்னே வைத்துத் தன் பெயரைப் பின்னே வைக்கும் இதே முறையைத்தான் எங்கள் பாடசாலை இடாப்புகளிலும் காண்கிறோம். கலித்தொகையின் மருதக்கலியை இவருக்கு உரியதாக்குவது மரபு. அந்த நூலை 1887இல் முதன்முதல் அச்சேற்றியவர் எங்கள் சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை.

பிற்காலத்தில் பக்தியும் புராணமும் பெருகப் பிள்ளைகளின் பெயர்கள் தெய்வங்களின் பெயர்களாயின. அதில் எனக்குக் குறையில்லை. எதிர்த்திசையில் போனவர்களும் உளர். சூரியநாராயண சாஸ்திரி தம்மைப் பரிதிமாற் கலைஞராக்கிக்கொண்டார். சூரியன் பரிதியானது அழகே. மறைமலையடிகளோ தம் மகன் ஞானசம்பந்தத்தை 'அறிவுத்தொடர்பு' ஆக்கினார். கொள்கை பெரிதுதான், எனினும் அந்தப் பெயரைச் சொல்லி ஒரு சிறுவனைச் சாப்பிடக் கூப்பிடுவது கடினம். எமது காலத்து இடாப்பிலோ நிரோசன், டிலக்சன், கஜீபன் என்று ஓசைக்காக மட்டும் கூட்டிய பெயர்கள் நிறைந்து கிடக்கின்றன. பொருள் கேட்டால் பெற்றோர் சோதிடரைக் கைகாட்டுகிறார்கள்.

இவ்வளவையும் கேட்டிருந்த அம்மா, "மரம் எண்டதுக்காக இல்லைத் தம்பி" என்றார். பிறகு சற்று நேரம் பேசவில்லை.

மருது நீர்க்கரை மரம். வைகைக் கரையில் திருமருத முன்துறை என்ற துறையே இருந்தது. திருவிடைமருதூரில் அது தலமரம். சிங்களத்தில் கும்புக் என்பார்கள். குடாநாட்டில் அது அருமையாகவே வளரும்; மானிப்பாய் மருதடிப் பிள்ளையாரால் நாங்கள் அந்தப் பெயரை அறிவோம். அப்புவுக்கு மருதில் தொடங்கும் பெயர் இட்டதும் அந்தப் பிள்ளையாரை நினைந்துதான். வன்னிக் குளக்கரைகளிலோ மருது தாராளம். 1995 ஒக்ரோபர் 30ஆம் நாள் வலிகாமத்தை விட்டுப் புறப்பட்ட நாங்கள், பின்னர் வன்னிக்குப் போய், ஒரு குளக்கட்டில் நின்ற மருதின் கீழ்த் தறப்பாள் கட்டி இருந்தோம். அப்பு அங்கே காய்ச்சலில் கிடந்து காலமானார். எனக்கு அப்போது பதினைந்து வயது, தங்கை சிறுமி. அம்மா அந்த மரத்தின் பெயரை வீட்டில் சொல்லி நான் கேட்டதில்லை.

பேரன் என்ற சொல் பெயரன் என்பதன் திரிபு. பாட்டன் பெயரைத் தாங்குபவன் என்று பொருள். இவன் பேரனுக்கு மகன்முறை, ஒரு தலைமுறை தள்ளியவன். அதையும் அம்மாவிடம் சொன்னேன். தமிழ் வாத்தியாரின் புத்தி அப்படி.

31ஆம் நாள் பிள்ளையின் காதில் பெயரைச் சொல்ல என்னைத்தான் கூப்பிட்டார்கள். நான் குனியுமுன் அம்மா பிள்ளையைத் தன் மடிக்கு எடுத்துக்கொண்டார். "அப்புவின்ர பேர், நானே சொல்லுறன்" என்று மூன்று தரம் சொன்னார்.

பிறப்பைப் பதிய 42 நாள் தவணை இருந்தபடியால் அவசரமில்லாமல் போய்ப் பதிந்தோம். அதை ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது என்ற வழக்கு மட்டும் தங்கைக்கும் மைத்துனருக்கும் இடையே இன்னும் தீர்ந்தபாடில்லை.