முத்திரைக்கு எதிரே ஒரு மேசை: தென்னாப்பிரிக்கச் சட்டத் துணையாளரின் தோற்றம்

பாராலீகல் என்று பொதுவாக அழைக்கப்படும் சமூகச் சட்டத் துணையாளரைப் பற்றி எழுதுவோர் பலரும் விவேக் மாருவின் 2006-ஆம் ஆண்டுக் கட்டுரையிலிருந்து தொடங்குகிறார்கள். யேல் பன்னாட்டுச் சட்ட இதழில் வெளிவந்த அக்கட்டுரைக்கு அடிப்படை, சிமியோன் கொரோமாவுடன் சேர்ந்து அவர் 2003-இல் சியரா லியோனில் தொடங்கிய ‘திமாப்’ அமைப்பின் களப்பணி. சட்டக் கல்விக்கும் நீதிமன்ற வாதாட்டத்துக்கும் நடுவே சட்டத் துணையாளருக்கு ஓர் இடம் உண்டு, வழக்கோடு சமூக இயக்கங்களின் வழிமுறைகளையும் அவர் கையாள முடியும் என்பது மாருவின் வாதம். களத்தில் இறங்கி உழைத்த ஒருவரின் எழுத்து என்பதால் அதற்குக் கிடைத்த செல்வாக்கு நியாயமானதே.

அந்த வாதம் சியரா லியோன் மண்ணில் விளைந்தது என்பதைத்தான் பலர் மறந்துவிடுகிறார்கள். உள்நாட்டுப் போர் 2002-இல் முடிந்த நாடு அது. மாரு எழுதிய காலத்தில் அங்கிருந்த வழக்கறிஞர்கள் ஏறத்தாழ நூறு பேர். அவர்களிலும் பெரும்பாலோர் தலைநகர் ஃப்ரீடவுனில். ஊர்ப்புறத்து உள்ளூர் நீதிமன்றங்களிலோ வழக்கறிஞர் நின்று வாதாடவே இடமில்லை. இங்கே சட்டத் துணையாளரை ‘இடைவெளியை நிரப்புபவர்’ என்று விளக்குவது பொருந்தும். அதே விளக்கத்தைப் பின்னோக்கி நீட்டி, இந்தப் பணிக்கு மூத்த முன்னோடியான தென்னாப்பிரிக்காவுக்கும் பொருத்துவதைத்தான் என்னால் ஏற்க இயலவில்லை.

1950-களின் ஜோகன்னஸ்பர்கில் வழக்கறிஞர்களுக்குப் பஞ்சமில்லை. மண்டேலாவும் ஆலிவர் டாம்போவும் 1952-இல் சான்சலர் ஹவுஸில் அலுவலகம் திறந்தார்கள். வந்தவர்களின் கூட்டம் மாடிப்படி வரை நின்றது. கட்டணம் கொடுக்க முடியாததால்தான் ஏழைகள் வேறிடம் தேடினார்கள் என்று ஒருவர் சொல்லலாம். அதில் பாதி உண்மை உண்டு. ஆனால் 1969-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அரசே சட்ட உதவி வாரியம் அமைத்த பின்னும், வழக்கறிஞர் அல்லாதோர் நடத்திய ஆலோசனை அலுவலகங்கள் பெருகினவே தவிரக் குறையவில்லை. கட்டணம் மட்டுமே காரணமாக இருந்திருந்தால் இது நடந்திருக்காது.

காரணத்தைத் தேட வேண்டிய இடம் சட்டத்தின் வாசகமே. 1945-ஆம் ஆண்டு நகர்ப்பகுதிகள் சட்டத்தின் 10(1)-ஆம் பிரிவு, 1952-இல் திருத்தப்பட்ட வடிவில், கறுப்பினத்தவர் எவரும் நகரத்தில் 72 மணி நேரத்துக்கு மேல் தங்கக் கூடாது என்றது. விலக்கு நான்கு. (அ) அங்கேயே பிறந்து தொடர்ந்து வாழ்பவர். (ஆ) ஒரே முதலாளியிடம் தொடர்ந்து 10 ஆண்டு வேலை செய்தவர், அல்லது சட்டப்படி தொடர்ந்து 15 ஆண்டு குடியிருந்தவர். (இ) இவர்களுடைய மனைவி, மணமாகாத மகள், குறிப்பிட்ட வயதுக்குட்பட்ட மகன். (ஈ) அதிகாரியிடம் தனி அனுமதி பெற்றவர். அதே 1952-இல் ‘பாஸ்களை’, அதாவது நடமாட்ட அனுமதிச்சீட்டுகளை, ‘ஒழிக்கும்’ என்று பெயர் சூட்டிக்கொண்டு வந்த இன்னொரு சட்டம், கறுப்பினத்தவர் கையில் ஒரு குறிப்பேட்டைத் திணித்தது. பெயர் வைத்தவரின் துணிச்சலைப் பாராட்டத்தான் வேண்டும். முதலாளி மாதந்தோறும் கையெழுத்திட அக்குறிப்பேட்டில் பக்கங்கள் இருந்தன. ‘தொடர்ந்து’ என்ற சொல்லின் பொருளை நீதிபதி முடிவு செய்யவில்லை. ஒரு மாதக் கையெழுத்து விடுபட்டிருக்கிறதா என்று பக்கம் புரட்டிய குமாஸ்தா முடிவு செய்தார். அவர் சாளரத்தில் ‘இல்லை’ என்று முத்திரை குத்தினால் அது தீர்ப்பாகாது, வழக்கும் ஆகாது. வழக்கு இல்லாத இடத்தில் வழக்கறிஞருக்கு என்ன வேலை?

இந்தப் பிரிவோடு 1968-இல் வந்த குடியிருப்பு விதிமுறைகளை அடுத்தடுத்து வைத்துப் படித்தால்தான் சிக்கல் முழுதாகத் தெரியும். சட்டம் (இ) பிரிவில், முறைப்படி நகருக்குள் வந்து கணவனுடன் வழக்கமாகக் குடியிருக்கும் மனைவிக்கு உரிமை தந்தது. விதிமுறையோ, குடியிருப்பில் வாடகைக்கு ஒண்டியிருக்கும் ஒவ்வொருவரும் தங்கல் அனுமதிச்சீட்டு பெற வேண்டும் என்றது. சீட்டு இல்லையென்றால் குடியிருப்பு சட்டப்படியானதல்ல. குடியிருப்பு சட்டப்படியானதல்ல என்றால் மனைவி என்ற உரிமையும் இல்லை. சீட்டைத் தருவதும் மறுப்பதும் அதே சாளரம். சட்டம் ஒரு கையால் கொடுத்ததை அதற்குக் கீழ்ப்பட்ட விதிமுறை மறு கையால் பறித்துக்கொண்டது.

கேப் டவுனின் குகுலேத்துவில் ஒண்டுக்குடித்தனம் இருந்த கோமானி என்பவரின் மனைவிக்கு நேர்ந்தது இதுதான். தம்பதியர் முதலில் போய் நின்ற இடம் ஏத்லோன் ஆலோசனை அலுவலகம். 1955-இல் வெள்ளை இனப் பெண்கள் தொடங்கிய ‘பிளாக் சாஷ்’ அமைப்பு நடத்திய அலுவலகம் அது. அங்கிருந்துதான் விவகாரம், 1979-இல் ஆர்தர் சாஸ்கல்சன் முதலியோர் நிறுவிய சட்ட வள மையத்தின் கைக்கு வந்தது. 1980-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம், சட்டம் தந்த உரிமையை விதிமுறை குறைக்க முடியாது என்று தீர்ப்பளித்தது. வரலாற்று நூல்கள் இதைச் சட்ட வள மையத்தின் வெற்றியாகப் பதிவு செய்கின்றன. சாளரத்தில் கிடைத்த மறுப்பை, எதிர்த்து நிற்கக்கூடிய ஒரு வழக்காக முதலில் கண்டுகொண்டது எந்த மேசை என்ற கேள்வியை அவை நீட்டிக் கேட்பதில்லை. தனி ஒரு மறுப்பு ஒருவருடைய துரதிர்ஷ்டமாகத் தெரியும். அதே மறுப்பை வாரந்தோறும் குறித்துவைக்கும் மேசைக்குத்தான் அதன் பின்னால் ஒரு விதிமுறை இருப்பது தெரியும்.

ரிகோட்டோ என்ற தொழிலாளியின் வழக்கில் 1983-இல் வந்த தீர்ப்பும் இதையே காட்டுகிறது. ஆண்டுதோறும் ஊருக்கு அனுப்பி, புது ஒப்பந்தத்தில் திரும்ப அழைத்துக்கொள்வதால் தொழிலாளியின் 10 ஆண்டுத் தொடர்ச்சி அறுந்துவிடுகிறது என்றது அரசுத் தரப்பு. நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அதே ஆண்டு அரசு சட்டத்தைத் திருத்தி, குடும்பத்தை அழைத்துவர வீடு வேண்டும் என்ற நிபந்தனையை நுழைத்தது. தீர்ப்பு வந்தாலும் ஒவ்வொரு தொழிலாளியும் முதலாளியிடம் கடிதம் வாங்கி, குறிப்பேட்டுடன் மறுபடி அதே சாளரத்துக்குத்தான் போக வேண்டியிருந்தது. தீர்ப்பை முத்திரையாக மாற்றும் வேலை ஆலோசனை மேசையுடையது. பிளாக் சாஷின் ஜோகன்னஸ்பர்க் அலுவலகத்தை நெடுங்காலம் நடத்திய ஷீனா டங்கன் வழக்கறிஞர் அல்லர்.

இங்கே எனக்கு எதிராகவே ஒரு கேள்வி எழுகிறது. வசதியுள்ள வெள்ளை இனப் பெண்களைச் சமூகச் சட்டத் துணையாளர் என்று எப்படிச் சொல்வது? மேசைக்கு அப்பாலிருந்த சமூகம் அவர்களுடையது அல்லவே. என் பதில், அந்த மேசையில் இன்னொருவரும் இருந்தார் என்பது: மொழிபெயர்ப்பாளர். வந்தவர் கோசா மொழியில் சொன்ன நீண்ட கதையிலிருந்து ஆண்டையும் முதலாளி பெயரையும் பிரித்தெடுத்தவர் அவர்தான். எது 10(1)(ஆ)-வுக்குள் வரும், எது வராது என்ற தேர்வின் ஒரு பகுதி அவர் நாவிலேயே நிகழ்ந்திருக்க வேண்டும். இதற்கு நேர்ச்சான்று மெலிது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் பிற்காலச் சட்டத் துணையாளரின் நேரான மூதாதை என்று ஒருவரைச் சுட்ட வேண்டுமானால் அம்மொழிபெயர்ப்பாளரைத்தான் சுட்டுவேன்.

இதற்கு இன்னும் பழைய நிழல் ஒன்று டர்பனில் இருக்கிறது. அது தமிழர் நிழல். 1894-இல் முதலாளியிடம் அடிபட்டுப் பல் உடைந்து, தலைப்பாகையைக் கையில் ஏந்தியபடி காந்தியின் அலுவலகத்துக்குள் வந்த ஒப்பந்தக் கூலி பாலசுந்தரத்தை நாம் அறிவோம். அவர் பட்டதைக் காந்திக்கு எடுத்துச் சொன்னவர் அங்கிருந்த தமிழ் எழுத்தர் என்று தன்வரலாறு கூறுகிறது. அந்த எழுத்தரின் பெயர் அங்கே இல்லை. டர்பனுக்கும் ஏத்லோனுக்கும் நேரடித் தொடர்பு இருந்தது என்று நான் வாதிடவில்லை. அமைப்பு ஒன்றே என்கிறேன்: இரு இடத்திலும் புகாரைச் சட்டம் கேட்கக்கூடிய வாக்குமூலமாக மாற்றியவர் நடுவில் அமர்ந்த எழுத்தர்.

ஆலோசனை அலுவலகத்தின் தோற்ற ஆண்டை உறுதியாகச் சொல்வதும் எளிதல்ல. 1958 என்று எழுதுவது வழக்கம். பாஸ் குற்றத்துக்காகக் கைதான தாய்மாரைக் குழந்தைகளிடம் அனுப்பிவைக்க கேப் டவுனில் எழுந்த பிணை நிதி முயற்சியைத் தொடக்கமாகக் கொண்டால் அது சரி. பிணைப் பணம் கட்டுவது இரக்கம். குறிப்பேட்டைப் படித்து மறுப்பை எதிர்ப்பது வேறு தொழில். முதலாவது இரண்டாவதாக மாறியது ஒரே நாளில் நடந்ததாகத் தோன்றவில்லை. 1958-க்கும் 1963-க்கும் இடைப்பட்ட ஆண்டுகள் என்று விரித்துச் சொல்வதே பாதுகாப்பு. அந்த 1963-இல்தான் குறிப்பேடு கறுப்பினப் பெண்களுக்கும் கட்டாயமானது.

1980-களில் கறுப்பினக் குடியிருப்புகளிலேயே தேவாலயங்களும் தொழிற்சங்கங்களும் ஆலோசனை அலுவலகங்களைத் திறந்தன. மொழிபெயர்ப்பாளர் நாற்காலியில் இருந்தவர் முதன்மை நாற்காலிக்கு வந்தார். 1986-இல் பாஸ் சட்டங்கள் நீங்கின. மேசை நீங்கவில்லை: ஓய்வூதியம், குழந்தை உதவித்தொகை, வீட்டு உரிமை என்று சாளரங்கள் வேறாயின, வரிசை அதேதான். வழக்கறிஞர் பற்றாக்குறையை மட்டும் காரணமாகக் கொள்ளும் வாசிப்பால் இந்தத் தொடர்ச்சியை விளக்க முடியாது.

சட்ட அங்கீகாரத்தின் வரிசை மட்டும் தலைகீழாக அமைந்தது. பின்னால் வந்த சியரா லியோன், 2012-ஆம் ஆண்டுச் சட்ட உதவிச் சட்டத்திலேயே சட்டத் துணையாளருக்கு இடம் கொடுத்தது. தென்னாப்பிரிக்காவின் 2014-ஆம் ஆண்டுச் சட்டத் தொழில் சட்டம் வழக்கறிஞர்களின் இரு பிரிவினரை மட்டும் தன் வரம்புக்குள் எடுத்துக்கொண்டது. சட்டத் துணையாளரை அங்கீகரிப்பது பற்றி ஆராய்ந்து இரண்டு ஆண்டுக்குள் பரிந்துரை தர வேண்டும் என்று தான் அமைத்த புதிய கவுன்சிலுக்குப் பணித்ததோடு அது நிறுத்திக்கொண்டது.