சிரட்டையும் பிளாஸ்டிக் டம்ளரும்: குமரியில் குடித்த இடத்தின் கதை

எங்கள் பக்கத்துப் பாட்டா ஒருவர் இருந்தார். பழைய கள்ளுக்கடையைப் பற்றிக் கேட்டால் கள்ளின் ருசியைச் சொல்ல மாட்டார், வேலியைத்தான் சொல்லுவார். கடைக்குப் பின்பக்கம் ஓலைவேலி. அந்த இடுக்கில் நாலைந்து சிரட்டைகள் சொருகியிருக்கும். ஒன்றை உருவி, கழுவி, ஏந்திக்கொண்டு நிற்க வேண்டும். சிரட்டையில் கலயம் தொட்டுவிடக் கூடாது என்று கடைக்காரர் கலயத்தை உயரத் தூக்கி ஊற்றுவார். குடித்த பிறகு மறுபடி கழுவி அதே இடுக்கில் சொருகிவிட்டு வர வேண்டும். திருவிதாங்கூர் ராஜ்ஜியத்தின் கடைசிக் காலம் அது. "உள்ள பெஞ்சு கிடந்துது. நாங்க பாத்திருக்கோம், இருந்ததில்ல" என்பார்.

மதுவின் வரலாற்றை எழுதுகிறவர்கள் எந்த ஆண்டு கடையைத் திறந்தார்கள், எந்த ஆண்டு மூடினார்கள், கஜானாவுக்கு எவ்வளவு வந்தது என்று எழுதுகிறார்கள். யார் எங்கே உட்கார்ந்து எந்தப் பாத்திரத்தில் குடித்தார்கள் என்பது அந்தக் கணக்கில் வருவதில்லை. டீக்கடையின் இரட்டைக் குவளையைப் பற்றி நாமே நிறையப் பேசியிருக்கிறோம், எழுதியிருக்கிறோம். கள்ளுக்கடைச் சிரட்டையைப் பற்றிப் பேச நமக்கும் கொஞ்சம் கூச்சம்தான். ஏற்கெனவே நம்மைக் குடிகாரக் கூட்டம் என்கிறார்கள், நாமே எதற்கு எடுத்துக் கொடுக்க வேண்டும் என்ற கூச்சம். அந்தக் கூச்சத்தை ஒருபக்கம் வைத்துவிட்டுப் பார்ப்போம்.

நாஞ்சில் நாடு என்று சொல்லும் தோவாளை, அகஸ்தீஸ்வரம் வட்டங்களில் ஒரு பக்கம் நெல்வயல், இன்னொரு பக்கம் பனங்காடு. வயல் வேளாளர்களிடமும் கோயில்களிடமும் இருந்தது. வயலில் இறங்கியவர்கள் புலையரும் பறையரும். 1855இல் திருவிதாங்கூர் அரசு அடிமை ஒழிப்புப் பிரகடனம் வெளியிடும்வரை இவர்களை நிலத்தோடு சேர்த்து விற்கவும், ஒற்றி வைக்கவும் முடிந்தது. பனை ஏறியவர்கள் நாடார்கள். அவர்களும் அன்று தீண்டத்தகாதவர்களாகவே நடத்தப்பட்டார்கள். தலைவரி போக, மரத்துக்கு வரி, ஏறும் ஏணிக்கு வரி, காலில் மாட்டும் தளைக்கு வரி. பாளையைச் சீவிக் கலயம் கட்டுகிறவருக்குக் கையில் மிஞ்சியது கொஞ்சம்தான்.

பனையிலிருந்து இறங்குவது ஒரே நீர். கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவியிருந்தால் அது அக்கானி. காய்ச்சினால் கருப்பட்டி. சுண்ணாம்பு தடவாவிட்டால் வெயில் ஏறுவதற்குள் கள். கருப்பட்டியாகக் காய்ச்ச விறகு வேண்டும், வீட்டுப் பெண்கள் நாள் முழுக்க அடுப்படியில் வேக வேண்டும். கள்ளுக்கு அந்தச் செலவு கிடையாது, உடனே காசு. அந்தக் காசுக்கு வாடிக்கைக்காரர்கள் வயலில் இருந்தார்கள். நடவுக்கும் அறுப்புக்கும் நெல்லோடு கள்ளும் கூலியாகக் கொடுக்கும் பழக்கம் இருந்தது. இழவு வீட்டில் பறை அடிக்கவும் குழி வெட்டவும் போனால் சாராயம் கொடுப்பார்கள். அதைத் தாராள மனசு என்று சொல்லிக்கொண்டார்கள். பிணத்தின் பக்கத்தில் தெளிந்த மனசோடு நிற்க முடியாத வேலையை ஒருவன் தலையில் கட்டிவிட்டு, அவன் குடிக்கிறான் என்று பேசுவது எவ்வளவு வசதியான ஏற்பாடு, பாருங்கள்.

இந்த ஏற்பாட்டை முதலில் மறுத்தவர்கள் காந்தியவாதிகள் இல்லை. அதற்கு நூறு வருஷத்துக்கு முன்பே இந்த மண்ணில் மறுப்பு தொடங்கிவிட்டது. மயிலாடியைச் சேர்ந்த சாம்பவரான மகாராசன் வேதமாணிக்கம் தஞ்சாவூர் வரை போய் கிறிஸ்தவராகித் திரும்பினார். அவர் அழைத்துத்தான் லண்டன் மிஷன் பாதிரியார் ரிங்கல்தௌபே 1806இல் தென்திருவிதாங்கூருக்கு வந்தார். இதைச் சொன்னால் இன்றைக்கும் சிலருக்குக் கசக்கிறது. இந்த மாவட்டத்தின் சீர்திருத்தச் சபை வரலாறு ஒரு தலித்தின் வீட்டு வாசலில் தொடங்குகிறது. சபையில் சேர்ந்தவர்கள் திருவிழாவுக்குக் கொட்டடிக்கப் போவதை விட்டார்கள். கொட்டு நின்றால் அதற்குக் கொடுக்கும் சாராயமும் நிற்கும்.

அகஸ்தீஸ்வரத்தில் அய்யா வைகுண்டர் (1809–1851) வேறு வழியில் இதையே செய்தார். சாமித்தோப்பில் முத்திரிக்கிணறு வெட்டி எல்லாச் சாதியும் ஒன்றாகக் குளிக்கவும் குடிக்கவும் வைத்தார். பலியும் மதுப்படையலும் வேண்டாம் என்றார். துவையல் பந்தியில் மரக்கறியும் கட்டுப்பாடுமாக மக்களை இருத்தினார். சுவாதித் திருநாளின் அரசு அவரைப் பிடித்துத் திருவனந்தபுரத்தில் சிறை வைத்தது. குடியை விடச் சொன்னதற்காக யாரும் யாரையும் சிறையில் போட மாட்டார்கள். ஒரே கிணற்றில் தண்ணீர் எடுக்கச் சொன்னால் போடுவார்கள். 1890களில் வந்த இரட்சணிய சேனையும் தன் போர்ச்சேவகர்களுக்கு மதுவும் புகையிலையும் கூடாது என்று வாக்குறுதி வாங்கியது. குமரியில் தலித் குடும்பங்கள் பல அதில் சேர்ந்தன. வடக்கே, கள் இறக்கும் தொழிலில் இருந்த ஈழவர்களிடம் நாராயண குரு 1921இல் கள்ளையே விட்டுவிடச் சொன்னார்.

இந்த மறுப்புகளில் ஒரு விஷயம் பொதுவாக இருக்கிறது. உடம்பு கெடும் என்பதைவிட, அந்தப் பாத்திரத்தை இனி ஏந்த மாட்டேன் என்பதுதான் முதன்மை. மிஷன் பாதிரியார்கள் எழுதியதில் நம் மக்களைப் பற்றி ஏளனமும் உண்டு, மறைக்க வேண்டியதில்லை. ஆனால் கொட்டடிக்க மறுத்தவனுக்கு அடி விழுந்தபோது அந்தப் பாதிரியார்கள்தான் மனு எழுதினார்கள்.

1956 நவம்பர் 1 அன்று தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் தமிழகத்தோடு சேர்ந்தன. 1948 முதல் முழு மதுவிலக்கு நடந்துகொண்டிருந்த மாநிலம் அது. முந்தின ஆண்டுதான், 1955இல், தீண்டாமைக் குற்றச் சட்டம் வந்திருந்தது. கடைக்குள் நுழைவதைத் தடுப்பதும், உணவு விடுதியில் பாத்திரத்தைப் பயன்படுத்த விடாமல் தடுப்பதும் குற்றம் என்றது அந்தச் சட்டம். ஆக, சிரட்டைக்கு எதிராகச் சட்டம் வந்த நேரத்தில் சிரட்டை இருந்த கடையே சட்டப்படி இல்லை என்றானது. கடை இல்லாவிட்டாலும் குடி இருந்தது. தோப்புக்குள், ஓடைக்கரையில், ராத்திரியில். மருத்துவக் காரணம் காட்டி பெர்மிட் வாங்க முடிந்தவர்கள் வீட்டில் உட்கார்ந்து சீமைச் சரக்கு குடித்தார்கள். பெர்மிட் என்ற சொல்லையே கேள்விப்படாதவர்கள் போலீஸ் வண்டியில் ஏறினார்கள். பனையேறிகள் பாடும் அதே பாடுதான். கலயத்தில் சுண்ணாம்பு போதுமா என்று பார்க்க வந்தவர்கள் கலயத்தையே உடைத்துவிட்டுப் போன கதைகள் அகஸ்தீஸ்வரத்துப் பனங்காடுகளில் இன்னும் உண்டு.

அப்புறம் நடந்தது எல்லோருக்கும் தெரியும், வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 1971இல் கலைஞர் கடையைத் திறந்தார், 1974க்குள் அவரே மூடினார். 1981இல் எம்.ஜி.ஆர். திறந்தார். 1983இல் மொத்த விற்பனைக்கு டாஸ்மாக் வந்தது. 1987 தொடக்கத்தில் கள்ளும் சாராயமும் போயின. 1990இல் மலிவு விலை மது, 1991 ஜூலையில் அதற்கும் முடிவு. 2003 நவம்பரில் சில்லறை விற்பனையையும் அரசே எடுத்துக்கொண்டது.

கள்ளும் சாராயமும் போய் பாட்டில் மட்டும் மிஞ்சியபோது குடிக்கிற பழக்கமே மாறிவிட்டது. கள் என்பது வெயிலில், மெதுவாக, மரச்சீனியும் மீன்கறியும் சேர்த்துக் குடிப்பது. குவார்ட்டர் என்பது கடை வாசலிலேயே கால்மணி நேரத்தில் முடிப்பது. கொடையில் சுடலைமாடனுக்கு வைக்கும் படையலில்கூடச் சாராயத்தின் இடத்தில் குவார்ட்டர் பாட்டில் வந்து உட்கார்ந்துவிட்டது. சாமிக்கும் வேறு வழியில்லை.

டாஸ்மாக் பாரில் எனக்கு ஆச்சரியம் தரும் வழக்கம் ஒன்று உண்டு. கையில் பாதிப் பணம் வைத்திருப்பவர் கடை வாசலில் நின்று, "கட்டிங் இருக்கா?" என்று முன்பின் தெரியாத இன்னொருவரைக் கேட்பார். இரண்டு பேரும் பணம் போட்டு ஒரு குவார்ட்டரை வாங்கி, இரண்டு பிளாஸ்டிக் டம்ளரில் தொண்ணூறு தொண்ணூறு மில்லியாக அளந்து, ஒரே தண்ணீர் பாக்கெட்டை மாற்றி மாற்றி ஊற்றிக் குடித்துவிட்டு, பெயர்கூடக் கேட்காமல் பிரிந்து போவார்கள். நூறு வருஷச் சீர்திருத்தம் செய்ய முடியாததைத் தொண்ணூறு மில்லி செய்துவிட்டது என்று நண்பர்கள் கிண்டல் செய்வார்கள். பாதி உண்மைதான். டம்ளர் ஒருமுறை குடித்துவிட்டு எறிவது என்பதால் யார் வாய் பட்டது என்ற கேள்வி வரவில்லை. தீட்டு ஒழிந்துவிட்டது என்று அதற்கு அர்த்தமில்லை. பேச்சு கொஞ்சம் நீண்டால் "எந்த ஊரு? எந்தத் தெரு?" என்ற கேள்வி வரும். பதில் சொன்னதும் பெஞ்சில் ஒரு அரையடி இடைவெளி விழுவதைப் பார்த்தவர்கள் நம்மில் உண்டு. அந்த டம்ளர்களைப் பொறுக்கித் தரையைக் கழுவுகிறவர் பெரும்பாலும் யார் என்பதையும் கேட்டுப் பாருங்கள்.

வசதி உள்ளவர்கள் இந்தப் பெஞ்சுக்கு வருவதே இல்லை. அவர்களுக்கு நட்சத்திர விடுதி பார் உண்டு, உறுப்பினர்கள் மட்டும் நுழையும் மனமகிழ் மன்றம் உண்டு. மன்றத்தில் சிரட்டை தேவையில்லை, உறுப்பினர் விண்ணப்பம் போதும். 2014 ஜூலையில் சென்னையில் ஒரு கிரிக்கெட் சங்க மன்றத்தில் வேட்டி கட்டி வந்த உயர் நீதிமன்ற நீதிபதியை உள்ளே விடவில்லை. அடுத்த மாதமே சட்டமன்றம் வேட்டிக்காகத் தனிச் சட்டம் போட்டது. நல்ல சட்டம்தான். சில அவமானங்களுக்கு ஒரு மாதத்தில் சட்டம் கிடைக்கிறது என்று தெரிந்துகொண்டோம்.

2003–04இல் டாஸ்மாக் அரசுக்குக் கொடுத்தது 3,639 கோடி ரூபாய். 2024–25இல் 48,344 கோடி. இடையில் நம் மாவட்டத்தில் ஒரு மரணம் நடந்தது. 2015 ஜூலை 31 அன்று மார்த்தாண்டத்தை அடுத்த உண்ணாமலைக்கடையில், பள்ளிக்கும் வழிபாட்டிடத்துக்கும் அருகில் இருந்த டாஸ்மாக் கடையை எடுக்கச் சொல்லி, சேலத்துக் காந்தியவாதி சசிபெருமாள் செல்போன் கோபுரத்தில் ஏறினார். உயிரோடு திரும்பவில்லை. மாநிலம் முழுக்கக் கொந்தளித்தது. 2016இல் 500 கடைகளை மூடினார்கள், திறக்கும் நேரத்தைப் பகல் 12 மணிக்குத் தள்ளினார்கள்.

2017இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பின்படி நெடுஞ்சாலைக் கடைகள் ஆயிரக்கணக்கில் அகற்றப்பட்டன. மாற்று இடம் தேடியபோது பார்வை எங்கே போனது? ஊருக்குள் வைத்தால் ஊர் எதிர்க்கும். ஊருக்கும் சேரிக்கும் நடுவில், அல்லது காலனியை ஒட்டிய புறம்போக்கில் வைத்தால் கேட்க ஆள் குறைவு என்று கணக்குப் போட்டார்கள். அந்தக் கணக்கு பல இடங்களில் பொய்த்தது, காரணம் பெண்கள். கடைக்கு முன்னால் அவர்கள் உட்கார்ந்தார்கள், பாட்டில்களை ரோட்டில் போட்டு உடைத்தார்கள், அடியும் வாங்கினார்கள். அந்த ஆண்டு ஏப்ரலில் திருப்பூர் மாவட்டம் சாமளாபுரத்தில் போராடிய பெண்ணை ஒரு போலீஸ் அதிகாரி கன்னத்தில் அறைந்ததைத் தமிழ்நாடே தொலைக்காட்சியில் பார்த்தது. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் விஷச்சாராயம் குடித்து 60க்கும் மேற்பட்டோர் செத்தார்கள். பெரும்பாலும் கூலிவேலை செய்கிற தலித் மக்கள். டாஸ்மாக் குவார்ட்டருக்குக் காசு போதாதவர்கள்.

இப்போது கள்ளுக்கடையைத் திறக்க வேண்டும் என்ற குரல் பலமாகக் கேட்கிறது. 2025 ஜூனில் சீமான் தூத்துக்குடி மாவட்டத்தில் பனை ஏறிக் கள் இறக்கிக் காட்டினார். கள் நம் மரபு, நம் உணவு என்கிறார்கள். பனையேறியின் வாழ்க்கைக்காகப் பேசுவதில் எனக்கு மறுப்பில்லை. சுண்ணாம்புக் கலயத்தை உடைத்த போலீஸுக்கு அவர்கள் கேட்கும் கேள்வி நியாயமானதுதான். ஆனால் மரபு என்று சொல்லும்போது எந்தப் பெஞ்சில் உட்கார்ந்து சொல்கிறோம் என்று பார்க்க வேண்டும். எங்கள் மரபில் கள்ளோடு வேலியும் வருகிறது.

பாட்டாவின் கடைசிக் காலத்தில் ஒருமுறை களியக்காவிளை தாண்டி அந்தப் பக்கம் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தோம். கேரளத்தில் கள்ளுக்கடை அன்றும் இன்றும் உண்டு. திரும்பும்போது ஒரு கடையில் நிறுத்தினோம். உள்ளே மேசை, ஃபேன், கண்ணாடி டம்ளர். எங்களோடு வந்த பையன்கள் நேரே போய் உட்கார்ந்து மரச்சீனியும் மீன்கறியும் கேட்டார்கள். யாரும் எங்களை எதுவும் கேட்கவில்லை. நான் பாட்டாவைக் கையைப் பிடித்துக் கூப்பிட்டேன்.

"நீங்க போயி இருந்து குடிங்க மக்களே. எனக்கு இங்கன போதும்" என்றார். முற்றத்துக் கல்லில் உட்கார்ந்துகொண்டார். நான் ஒரு டம்ளரை வெளியே கொண்டுபோய்க் கொடுத்தேன். குடித்து முடித்ததும் எழுந்து, பைப்பைத் தேடிப் போய், அந்தக் கண்ணாடி டம்ளரை இரண்டு தடவை கழுவிக்கொண்டு வந்து என்னிடம் தந்தார்.