சென்னையின் மன்றம்

சேர்வராயன் மலையில் கிளியூர் அருவியைக் கடுங்கோடையில் காணச் செல்வோர் பெரும்பாலும் வறண்ட பாறையைப் பார்த்துவிட்டுத் திரும்புவர். ஏற்காட்டு ஏரி நிறைந்து வழிந்தால்தான் அருவிக்கு உயிர். நிறைந்த நீர் தன் வழியைத் தானே தேடிக்கொள்கிறது. தலைநகரங்களின் சதுக்கங்களைப் பற்றி எண்ணும்போது நமக்கு இவ்வருவியே நினைவுக்கு வருகிறது.

மாஸ்கோவுக்குச் செஞ்சதுக்கம் உண்டு. கெய்ரோவுக்குத் தஹ்ரீர் உண்டு. நம் தலைநகருக்கு எது? ஊரார் கூடும் பொதுவிடத்துக்குப் பழந்தமிழில் மன்றம், பொதியில் என்னும் பெயர்கள் இருந்தன. ஆனால் 1639இல் கிழக்கிந்தியக் கம்பெனி நிலம் பெற்று எழுப்பிய நகரில் முதலில் உருவானது கோட்டைதான்.

அந்நகரின் முதல் பெருவெளி பிறந்த கதை துயரமானது. 1746இல் பிரெஞ்சுக்காரர் சென்னையைக் கைப்பற்றினர். 1749இல் அது ஆங்கிலேயரிடம் மீண்டது. கோட்டையை ஒட்டி வடபுறம் இந்தியர் வாழ்ந்த பழைய கருப்பர் நகரம் இந்தப் போர்க்காலத்தில் இடித்து அகற்றப்பட்டது. பீரங்கிகளுக்கு மறைப்பில்லாத வெளி வேண்டும் என்பதே காரணம். அவ்வெளிக்குள் எவரும் வீடு கட்டலாகாது என்று 1773இல் எல்லைத் தூண்கள் நடப்பட்டன. அவற்றுள் எஞ்சிய ஒன்று இன்றும் பாரிமுனையில் நிற்கிறது. குடிகள் வாழ்ந்த அம்மண்ணில்தான் உயர்நீதிமன்றம் 1892இல் எழுந்தது.

இரண்டாம் வெளியைக் கடல் தந்தது. துறைமுகச் சுவர்கள் எழுந்தபின் நீரோட்டம் தடைப்பட்டு, அதன் தெற்கே மணல் சேர்ந்து கரை அகன்றது. ஆளுநர் கிராண்ட் டஃப் 1884இல் அங்கே உலாச்சாலை அமைத்து, இத்தாலிய நினைவோடு மெரினா என்று பெயரிட்டார். மாலையில் காற்று வாங்குவதற்கென அமைந்த இடம் அது.

அதை மன்றமாக்கியவர்கள் மக்களே. 1907இல் விபின் சந்திர பாலர் திருவல்லிக்கேணிக் கடற்கரையில் சுதேசியம் பேசினார். அவரை வரவழைப்பதில் பாரதியார் முன்னின்றார். 1923 மே முதல் நாளன்று சிங்காரவேலர் அங்கே தொழிலாளர் நாளைக் கொண்டாடினார். 1938 செப்டம்பரில், திருச்சியிலிருந்து நடந்துவந்த இந்தி எதிர்ப்புப் படையை வரவேற்ற கடற்கரைக் கூட்டத்தில், தமிழ்நாடு தமிழருக்கே என்ற முழக்கத்தைப் பெரியார் எழுப்பினார். திலகர் பெயரால் ஒரு திடலும் அங்கே விளங்கிற்று. தேசியமும் பொதுவுடைமையும் திராவிட இயக்கமும் ஒரே மணலில் கால் பதித்தன என்பது எண்ணிப் பார்க்கத்தக்கது.

விடுதலைக்குப் பின் அம்மணலில் சிலைகள் பெருகின. 1959இல் ராய் சௌத்ரியின் உழைப்பாளர் சிலை வந்தது. 1968 உலகத் தமிழ் மாநாட்டையொட்டிக் கண்ணகியும் வள்ளுவரும் கால்டுவெல்லும் போப்பும் வரிசையில் நின்றனர். 1969இல் அறிஞர் அண்ணா அங்கே அடக்கம் செய்யப்பட்டார். பின்னர் வேறு தலைவர்களும் துயில் கொண்டனர். நினைவுக்கு இடம் பெருகிய அதே கரையில் பேச்சுக்கு இடம் சுருங்கியது. கூட்டங்களுக்கென இருந்த சீரணி அரங்கம் 2003இல் இடிக்கப்பட்டது. போராட்டக் கூட்டங்களுக்கு இசைவு மறுப்பதே வழக்கமாயிற்று.

ஆயினும் 2017 சனவரியில் ஏரி மீண்டும் வழிந்தது. ஏறுதழுவுதலுக்காக இளைஞர்கள் அங்கே திரண்டனர். விளக்குகள் அணைந்தபோது செல்பேசி ஒளியை உயர்த்திப் பிடித்தனர். 23ஆம் நாள் காவல்துறை அவர்களை அகற்றியது. வன்முறையில் நடுக்குப்பம் மீன் சந்தை எரிந்தது. தலைமுறைகளாக அக்கரையில் வாழும் மீனவர்களே அந்நாளின் பெரும் விலையைக் கொடுத்தனர். அவர்களை விட்டுவிட்டு இம்மன்றத்தின் வரலாற்றை எழுதினால் அது முழுமையாகாது.

மெரினாவை அழகிய கடற்கரை என்று மட்டும் நம் மாணவர்களுக்குச் சொல்லி முடித்துவிடுகிறோம். அங்கே யார் பேசினர், யார் கேட்டனர், யார் அகற்றப்பட்டனர் என்பதையும் சொல்ல வேண்டும். வழிந்தோட இடமில்லாத ஏரி கரையை உடைக்கும் என்பதை மலையில் வாழும் நாம் அறிவோம்.