ஊரையே சிரிக்க வைத்த பல்வலி

‘தி கிரேட் டிரெயின் ராபரி’ படத்தில் கொள்ளைக்காரன் திரையிலிருந்து நம்மைப் பார்த்தே சுடுவான். 1903-ல் எடிசன் கம்பெனிக்காக அந்தப் படத்தை எடுத்த எட்வின் எஸ். போர்ட்டர், 1907-ல் அதே கம்பெனிக்காக ஒரு சிரிப்புப் படம் எடுத்தார். பெயர் ‘லாஃபிங் கேஸ்’, அதாவது சிரிப்பு வாயு.

படம் ஒரு முகத்தோடு தொடங்குகிறது. கன்னத்தைச் சுற்றித் துணிக்கட்டு. வலியில் கோணிப்போன வாய். அவள் மேண்டி, கறுப்பினப் பெண். பல் டாக்டர் வாயுவை முகர வைத்துப் பல்லைப் பிடுங்குகிறார். எழுந்தவளுக்குச் சிரிப்பு பீறிடுகிறது, அடங்கவே மாட்டேன் என்கிறது. டாக்டரையும் தொற்றிக்கொள்கிறது. டிராமில் ஏறுகிறாள், பயணிகள் சிரிக்கிறார்கள். போலீஸ் பிடித்துக்கொண்டு போய் நிறுத்தினால் நீதிபதியும் சிரிக்கிறார். சர்ச்சிலும் அதே கதைதான்.

போர்ட்டர் இந்த வாயுவைக் கற்பனையில் உண்டாக்கவில்லை. அது நைட்ரஸ் ஆக்சைடு. 1844 டிசம்பரில், அமெரிக்காவின் ஹார்ட்ஃபோர்ட் நகரில் நடந்த வேடிக்கை நிகழ்ச்சி ஒன்றில் அதை முகர்ந்த ஒருவருக்குக் காலில் அடிபட்டும் வலி தெரியவில்லை. பார்த்துக்கொண்டிருந்த பல் மருத்துவர் ஹோரஸ் வெல்ஸ், மறுநாளே தானும் அதை முகர்ந்து, தன் பல்லையே பிடுங்கச் சொன்னார்.

எனக்கு வாயுவைவிட அந்தச் சிரிப்புதான் பெரிது. மேண்டியாக நடித்தவர் பெர்த்தா ரெகஸ்டஸ். கறுப்பினப் பாத்திரம் என்றால் வெள்ளைக்கார நடிகர்கள் முகத்தில் கரியைப் பூசிக்கொண்டு வருவது சர்வசாதாரணமாக இருந்த காலம் அது. மேண்டியும் வெள்ளையர் வீட்டு வேலைக்காரிதான். அந்த வார்ப்பைப் போர்ட்டர் மாற்றவில்லை. ஆனாலும் படம் முழுவதையும் ஒரு கறுப்பினப் பெண்தான் தோளில் சுமக்கிறார். வெள்ளைக்கார போலீஸும் நீதிபதியும் அவருடைய சிரிப்புக்குப் பணிகிறார்கள். கடைசியில் மறுபடி அதே முகம், கட்டு இல்லாமல், திரை நிறைய, வாய்விட்டுச் சிரிக்கிறது. ஊமைப்படம்தான்; ஆனால் அந்தச் சிரிப்பு காதில் விழுகிறது.

1914-ல் இதே பெயரில் சார்லி சாப்ளின் ஒரு படம் எழுதி இயக்கினார். பல் டாக்டரின் உதவியாளராக வந்து அவர் அடிக்கும் கூத்து எல்லோருக்கும் தெரியும். ‘லாஃபிங் கேஸ்’ என்று தேடினால் முதலில் வந்து நிற்பவரும் அவரே. அடுத்த முறை தேடும்போது 1907 என்ற எண்ணையும் பெர்த்தா ரெகஸ்டஸ் என்ற பெயரையும் சேர்த்துத் தேடிப் பாருங்கள்.