கன்றின் மூட்டு வீக்கம்: சுளுக்கா, சீழா? மூட்டு நீர்ப் பரிசோதனையில் தெரிந்துகொள்ளலாம்

பிறந்து பத்து, பதினைந்து நாளே ஆன கன்று காலையில் எழ மறுக்கிறது. எழுந்தாலும் ஒரு காலை ஊன்றாமல் தூக்கிக்கொண்டே நிற்கிறது. முன்னங்கால் முட்டி உருண்டையாக வீங்கி, தொட்டால் சுடுகிறது. "தாய் மிதித்திருக்கும், சுளுக்கு" என்று நினைத்து, நல்லெண்ணெய் தடவி, உப்பு ஒத்தடம் கொடுத்து, நான்கைந்து நாள் பார்ப்போம் என்று விட்டுவிடுவோர் பலர். சுளுக்காக இருந்தால் அந்த நான்கு நாளில் கன்று தேறிவிடும். மூட்டுக்குள் கிருமி புகுந்திருந்தால் அதே நான்கு நாளில் அந்தக் கால் நிரந்தரமாக முடங்கிவிடலாம்.

போடிநாயக்கனூர் அருகே ராசிங்காபுரத்தில் கால்நடை வளர்ப்போரிடம் பேசிக்கொண்டிருந்தபோது ஒரு பெண்மணி கேட்டார்: "வெளியில பார்த்தா ரெண்டு வீக்கமும் ஒரே மாதிரிதான் இருக்கு. உள்ள சீழ் இருக்கான்னு எப்படி சார் தெரிஞ்சுக்கிறது?" சரியான கேள்வி. இதற்கு விடை மூட்டுக்குள் இருக்கும் நீரில் உள்ளது. அந்த நீரில் உள்ள வெள்ளை அணுக்களை எண்ணிப் பார்த்தால் பெரும்பாலான கன்றுகளில் அன்றைக்கே தெரிந்துவிடும்.

கிருமி மூட்டுக்கு எப்படி வருகிறது?

பிறந்த கன்றின் தொப்புள் கொடி காய்ந்து விழும்வரை கிருமிகளுக்குத் திறந்த வாசல். சாணமும் மூத்திரமும் கலந்த ஈரத் தரையில் கன்று படுக்கும்போது ஈ.கோலை, ஸ்ட்ரெப்டோகாக்கஸ், ஸ்டெபைலோகாக்கஸ், ட்ரூபெரெல்லா போன்ற பாக்டீரியாக்கள் தொப்புள் வழியாக ரத்தத்தில் கலக்கின்றன. போதிய சீம்பால் குடிக்காத கன்றுக்கு எதிர்ப்புச் சக்தி இல்லாததால், ரத்தத்தில் கலந்த கிருமி மூட்டுகளில் தங்கிப் பெருகுகிறது. முன்னங்கால் முட்டி, பின்னங்கால் மூட்டு, தொடைக்குக் கீழுள்ள பெரிய மூட்டு ஆகியவை அதிகம் பாதிக்கப்படும். ஆட்டுக்குட்டிகளுக்கும் இதே வழியில் இந்நோய் வரும்.

எனவே மூட்டு வீங்கிய கன்றைப் பார்த்தால் முதலில் தொப்புளைத் தொட்டுப் பாருங்கள். தொப்புள் தடித்து, ஈரமாக, நாற்றத்துடன் இருந்தாலோ, அழுத்தும்போது கன்று வயிற்றை எக்கினாலோ மூட்டில் சீழ் பிடித்திருக்கும் சந்தேகம் வலுக்கிறது. ஆனால் தொப்புள் வெளியில் காய்ந்து சுத்தமாகத் தெரிந்தாலும் உள்ளே கிருமி இருக்கலாம். தொப்புளை வைத்து மட்டும் முடிவு செய்ய வேண்டாம்.

மூட்டு நீரில் என்ன பார்க்கிறார்கள்?

ஒவ்வொரு மூட்டுக்குள்ளும் எலும்புகள் உரசாமல் இருக்கச் சிறிதளவு வழவழப்பான நீர் உண்டு. நல்ல மூட்டின் நீர் நிறமற்றோ இளமஞ்சளாகவோ, தெளிவாக இருக்கும். ஊசி முனையிலிருந்து சொட்டும்போது நூல் போல நீளும். கிருமி புகுந்ததும் அதை எதிர்க்க ரத்தத்திலிருந்து வெள்ளை அணுக்கள் மூட்டுக்குள் குவிகின்றன. அவற்றுள் முதலில் வருபவை நியூட்ரோபில் என்ற வகை. நீர் கலங்கி, வழவழப்பு குறைந்து, தண்ணீர் போலச் சொட்டும். சில சமயம் திரித்திரியாகவும் இருக்கும்.

கால்நடை மருத்துவர் எடுத்துத் தரும் நீரை ஆய்வகத்தில் உப்புக் கரைசலில் கலந்து, நுண்ணோக்கியின் கீழ் கட்டம் போட்ட கண்ணாடியில் வைத்து அணுக்களை எண்ணுவார்கள். உதாரணமாக, நீரை 20 மடங்கு கரைத்து, நான்கு மூலைக் கட்டங்களில் 620 வெள்ளை அணுக்கள் இருந்தால், அதை 50 ஆல் பெருக்கி ஒரு மைக்ரோ லிட்டருக்கு 31,000 என்று கணக்கிடுவார்கள். ஒரு மைக்ரோ லிட்டர் என்பது ஒரு மில்லியில் ஆயிரத்தில் ஒரு பங்கு. ரத்தத்தை எண்ணும்போது பயன்படுத்தும் அசிட்டிக் அமிலக் கரைசலை இதற்குப் பயன்படுத்தக் கூடாது. அமிலம் பட்டதும் மூட்டு நீரின் வழவழப்புப் பொருள் திரிந்து அணுக்களைப் பிடித்துக்கொள்ளும், எண்ணிக்கை தவறாகிவிடும்.

எண்களை எப்படிப் புரிந்துகொள்வது?

மாடுகளின் மூட்டு நீர் பற்றி 130 நோய் நேர்வுகளை வைத்து 2000 ஆம் ஆண்டில் வெளியான ஓர் ஆய்வு தந்த அளவுகளைத்தான் இன்றும் பல நாடுகளின் கால்நடை மருத்துவர்கள் பின்பற்றுகிறார்கள். எண்கள் ஒரு மைக்ரோ லிட்டருக்கானவை.

• நல்ல மூட்டு: வெள்ளை அணுக்கள் 1,000-க்கும் குறைவு. அவற்றில் நியூட்ரோபில் 10 சதவீதத்துக்கும் குறைவு.

• கிருமித் தொற்று உள்ள மூட்டு: மொத்த அணுக்கள் 25,000-க்கு மேல், நியூட்ரோபில் மட்டும் 20,000-க்கு மேல் அல்லது மொத்தத்தில் 80 சதவீதத்துக்கு மேல். புரதம் 100 மில்லிக்கு 4.5 கிராமுக்கு மேல்.

• சுளுக்கு, அடிபட்ட மூட்டு: அணுக்கள் சற்றுக் கூடும். ஆனால் பெரும்பாலும் சில ஆயிரங்களைத் தாண்டாது. நியூட்ரோபில் பங்கும் குறைவாகவே இருக்கும்.

ஊசி ஏறும்போது சிறிது ரத்தம் கலந்துவிட்டால் கணக்கு கெட்டுவிடுமா என்று கேட்கலாம். மாட்டின் ரத்தத்திலேயே வெள்ளை அணுக்கள் சாதாரணமாக 4,000 முதல் 12,000 வரைதான் இருக்கும். ஆகவே சிறிது ரத்தம் கலந்ததால் மட்டும் 25,000 என்ற எண் வராது.

மனிதர்களின் மூட்டுக்குச் சொல்லப்படும் எண்களை மாட்டுக்குப் பொருத்த வேண்டாம். மனித மருத்துவத்தில் 50,000 என்ற எண்ணைப் பரவலாகப் பயன்படுத்துகிறார்கள். செயற்கை மூட்டு பொருத்தியவர்களுக்கு 3,000 தாண்டினாலே சந்தேகிக்கிறார்கள். உயிரினத்துக்கும் மூட்டுக்கும் ஏற்ப அளவு மாறும்.

எண் குறைவாக வந்தாலும் கவனம் தேவை

1,000-க்கும் 25,000-க்கும் இடையில் எண் வந்தால் "சீழ் இல்லை" என்று முடிவு செய்துவிடக் கூடாது. மூன்று காரணங்களால் தொற்று இருந்தும் எண் குறையலாம். ஒன்று, நோய் தொடங்கிச் சில மணி நேரமே ஆகியிருக்கலாம். இரண்டு, ஏற்கெனவே ஆன்டிபயாடிக் அல்லது ஸ்டீராய்டு ஊசி போட்டிருக்கலாம். மூன்று, மைக்கோபிளாஸ்மா போன்ற கிருமிகளில் எண் அவ்வளவு ஏறாமல் இருக்கலாம். இப்படிப்பட்ட கன்றுக்கு மருத்துவர் மறுநாள் மீண்டும் நீர் எடுத்துப் பார்க்கச் சொல்லலாம். அதை வீண் செலவு என்று நினைக்காதீர்கள். முதல் நாள் 8,000, மறுநாள் 30,000 என்று ஏறினால் விடை கிடைத்துவிட்டது.

கிருமியை வளர்த்துப் பார்க்கும் கல்ச்சர் சோதனையும் தேவை. எந்தக் கிருமி, எந்த மருந்து வேலை செய்யும் என்று அது சொல்லும். ஆனால் அதற்கு இரண்டு மூன்று நாள் ஆகும். மூட்டில் கிருமி இருந்தும் கல்ச்சரில் வளராமல் போவது சாதாரணம். அதனால் செல் எண்ணிக்கையைப் பார்த்தே சிகிச்சையைத் தொடங்கி, கல்ச்சர் முடிவு வந்ததும் மருந்தை மாற்றிக்கொள்வதே முறை.

மூன்று நாள் காய்ச்சலிலும் மாடு நொண்டும், மூட்டு வீங்கும், நீரில் அணுக்களும் கூடும். ஆனால் அது பெரும்பாலும் வளர்ந்த மாடுகளுக்கு வரும். திடீர்க் காய்ச்சலுடன் நொண்டல் ஒரு காலிலிருந்து மற்றொரு காலுக்கு மாறும், சில நாட்களில் தானே குறையும். எனவே கன்றின் வயது, காய்ச்சல், எத்தனை மூட்டு, எத்தனை நாள் என்ற விவரங்களோடு சேர்த்தே எண்ணைப் படிக்க வேண்டும்.

நீங்கள் செய்ய வேண்டியவை

1. மூட்டு வீங்கி, காலை ஊன்றாத கன்றை அன்றே மருத்துவரிடம் காட்டுங்கள். கொண்டுசெல்ல முடியாவிட்டால் 1962 என்ற எண்ணுக்கு அழைத்து நடமாடும் கால்நடை மருத்துவ ஊர்தியைக் கேட்கலாம்.

2. மருத்துவர் பார்க்கும்வரை கைவசம் உள்ள எந்த ஊசியும் போடாதீர்கள். போட்டிருந்தால் மருந்தின் பெயர், நாள், அளவை மறைக்காமல் சொல்லுங்கள். எண்ணைச் சரியாகப் படிக்க அந்த விவரம் அவசியம்.

3. ஆசனவாயில் வெப்பமானி வைத்து வெப்பநிலையைக் குறித்துக்கொள்ளுங்கள். 103 டிகிரி பாரன்ஹீட்டுக்கு மேல் இருந்தால் காய்ச்சல் என்று கருதலாம். காய்ச்சல் இல்லை என்பதால் சீழ் இல்லை என்று ஆகிவிடாது.

4. மாதிரி எடுத்தபின் அணுக்களை எண்ண ஒரு பங்கு ஈ.டி.டி.ஏ. குழாயிலும், கல்ச்சருக்கு ஒரு பங்கு கிருமி நீக்கிய வெற்றுக் குழாயிலும் இருக்க வேண்டும். இரண்டையும் குளிர்ப் பையில் வைத்துச் சில மணி நேரத்துக்குள் ஆய்வகத்தில் சேருங்கள். உறைய வைக்கக் கூடாது, உறைந்தால் அணுக்கள் உடைந்துவிடும்.

5. மாதிரியை மாவட்டக் கால்நடை நோய்ப் புலனாய்வுப் பிரிவுக்கு அனுப்புவதா, தேனி கால்நடை மருத்துவக் கல்லூரிக்கு அனுப்புவதா என்பதை மருத்துவரிடம் கேட்டு, முன்கூட்டியே போன் செய்துவிட்டுக் கிளம்புங்கள்.

கண்டிப்பாகச் செய்யக் கூடாதவை

வீக்கத்தைச் "சீழ்க்கட்டி" என்று நினைத்து பிளேடால் கீறுவதும், சூடு போடுவதும், நீங்களே சிரிஞ்ச் வைத்து உறிஞ்சுவதும் கூடாது. தோலுக்கடியில் உள்ள கட்டி வேறு, மூட்டு வேறு. கிருமியில்லாத மூட்டை அசுத்தமான ஊசியால் குத்தினால் நாமே கிருமியை உள்ளே அனுப்பியவர்களாகிவிடுவோம். முடியை மழித்து, தோலைக் கிருமிநாசினியால் சுத்தம் செய்து, கன்று அசையாமல் பிடித்து மருத்துவர் செய்ய வேண்டிய வேலை இது.

வளர்ந்த மாட்டின் முன்னங்கால் முட்டியின் முன்புறம் வலியில்லாமல் பந்து போல் வீங்கியிருந்தால் இன்னும் கவனம் தேவை. அது கருச்சிதைவு நோய் எனப்படும் புருசெல்லோசிஸின் அறிகுறியாக இருக்கலாம். அந்த நீரில் உள்ள கிருமி மனிதருக்கும் தொற்றும். தொடாமல் மருத்துவரை அழையுங்கள். கிடேரிக் கன்றுகளுக்கு 4 முதல் 8 மாத வயதுக்குள் இந்நோய்க்கான தடுப்பூசியை ஒருமுறை போட்டுக்கொள்ளுங்கள்.

தொற்று உறுதியானால் என்ன சிகிச்சை?

கிருமி நீக்கிய உப்பு நீரால் மூட்டைக் கழுவுவதும், ஆன்டிபயாடிக், வலி மற்றும் வீக்க மருந்துகளும்தான் சிகிச்சை. பெரும்பாலும் இரண்டு, மூன்று வாரம் தொடர வேண்டியிருக்கும். இரண்டு நாளில் கன்று எழுந்து ஓடுகிறது என்று மருந்தை நடுவில் நிறுத்தினால் நோய் திரும்பும். தேறுகிறதா என்பதை நடையைப் பார்த்து மட்டுமல்ல, மீண்டும் நீர் எடுத்து எண் இறங்குகிறதா என்று பார்த்தும் உறுதி செய்யலாம்.

நாட்கள் கடந்தால் மூட்டுக்குள் பைப்ரின் என்ற நார்ப்பொருள் கட்டியாகத் திரண்டு, ஊசியால் நீரை எடுக்கவோ கழுவவோ முடியாமல் போகும். குருத்தெலும்பும் அரிக்கப்படும். ஒரே மூட்டில், தொடக்கத்திலேயே பிடிபட்ட கன்று தேற நல்ல வாய்ப்பு உண்டு. பல மூட்டுகள் வீங்கி, எலும்பு வரை பரவியபின் வரும் கன்றைக் காப்பாற்றுவது கடினம். அப்படியானால் வீண் செலவும் கன்றின் வேதனையும் நீளாமல் இருக்க, மருத்துவரிடம் வெளிப்படையாகப் பேசி முடிவெடுங்கள்.

வராமல் தடுப்பது நம் கையில்

போடி வட்டாரத்து ஊர்களிலிருந்து ஏலத்தோட்ட வேலைக்கு ஜீப்பில் செல்பவர்கள் விடியுமுன் கிளம்பினால் வீடு திரும்ப மாலையாகிவிடும். இரவில் ஈன்ற கன்று அன்று பகல் முழுதும் போதிய பால் குடித்ததா என்று பார்க்க ஆள் இருப்பதில்லை. சீம்பாலில் உள்ள எதிர்ப்புப் பொருளைக் கன்றின் குடல் உறிஞ்சும் திறன் நேரம் ஆக ஆகக் குறைந்து, 24 மணி நேரத்தில் ஏறக்குறைய நின்றுவிடும். ஆகவே பிறந்த 2 மணி நேரத்துக்குள் முதல் சீம்பால், 6 மணி நேரத்துக்குள் எடையில் பத்தில் ஒரு பங்கு என்று கணக்கு வையுங்கள். 25 கிலோ கன்றுக்கு 2.5 லிட்டர். வேலைக்குக் கிளம்பும் முன் கறந்து புட்டியில் ஊட்டிவிடுங்கள். அல்லது வீட்டில் இருப்பவரிடம் பொறுப்பைச் சொல்லிவிட்டுச் செல்லுங்கள்.

பிறந்தவுடன் தொப்புள் கொடியை அயோடின் கரைசலில் முழுதும் நனையும்படி முக்கி எடுங்கள். கொடி காயும்வரை தினமும் இருமுறை செய்வது நல்லது. சாணம், மஞ்சள், சாம்பல் எதையும் தொப்புளில் அப்ப வேண்டாம். ஐப்பசி, கார்த்திகை மழையில் கொட்டகை சேறாகும்போது கன்றுக்கு மட்டுமாவது மேடான இடத்தில் உலர்ந்த வைக்கோல் படுக்கை போடுங்கள். மலைமாடுகளைக் கிடை போடுவோர், ஈன்ற மாட்டையும் கன்றையும் முதல் வாரம் கிடையிலிருந்து பிரித்து உலர்ந்த தரையில் கட்டலாம்.

கன்று பிறந்த முதல் மாதம் முழுதும் தினமும் ஒருமுறை நான்கு கால் மூட்டுகளையும் தொப்புளையும் கையால் தடவிப் பாருங்கள். ஒரு நிமிட வேலைதான். வீக்கம் தெரிந்தால் எண்ணெயைத் தேடாமல் மருத்துவரை அழைத்து, "மூட்டு நீர் எடுத்துப் பார்க்கலாமா?" என்று கேளுங்கள்.