பெயரும் பொருளும்: தமிழிலக்கண மரபில் சொற்பொருட் கொள்கையின் வளர்ச்சி

ஒரு சொல்லுக்கும் அது குறிக்கும் பொருளுக்கும் உள்ள உறவு இயற்கையில் அமைந்ததா, மக்கள் தம்முள் வகுத்துக்கொண்டதா என்னும் வினா கிரேக்கத்தில் பிளேட்டோவின் 'கிராட்டிலஸ்' உரையாடலிலும், வடமொழியில் மீமாம்சகர்க்கும் நையாயிகர்க்கும் இடையே நிகழ்ந்த வாதங்களிலும், அண்மைக் காலத்தில் ஐரோப்பிய மொழித் தத்துவத்திலும் ஆராயப்பட்டு வந்துள்ளது. தமிழில் இவ்வாராய்ச்சி தனித் தத்துவ நூல்களைவிட இலக்கண நூற்பாக்களிலும் அவற்றின் உரைகளிலுமே மிகுதியாக நிகழ்ந்தமையால், தத்துவ வரலாறு எழுதுவோர் பலர் அதனைக் கருத்திற் கொள்வதில்லை. தொல்காப்பியம் முதல் நன்னூல் விருத்தி வரை அது வளர்ந்த போக்கினைக் காண்பதற்குச் சங்கரன்கோவில் வட்டாரத்துப் புளியங்குடியின் பெயர் நல்ல சான்றாக அமைகிறது. அப்பெயரின் முதற்கூறாகிய 'புளி' என்னும் சொல்லைத் தொல்காப்பியரே பொருள்வேறுபாடு கருதி எடுத்து ஆராய்ந்திருக்கிறார்.

எழுத்ததிகாரத்து உயிர்மயங்கியலில், மரத்தைக் குறிக்கும் புளி என்னும் சொல் 'அம்' என்னும் சாரியை பெறும் என்றும், சுவையைக் குறிக்கும் புளி என்னும் சொல் மெல்லெழுத்து மிகப்பெறும் என்றும், பின்னது வல்லெழுத்து மிகினும் குற்றமில்லை என்றும் விதிகள் உள்ளன. சாரியை என்பது இரு சொற்கள் சேரும்போது அவற்றிடையே வந்து இயையும் அசை. இவ்விதிகளின்படியே மரத்தின் கிளை புளியங்கோடு என்றும், புளிப்புடைய கூழ் புளிங்கூழ் என்றும் வழங்கின. புளியங்குடி என்னும் பெயரில் 'அம்' சாரியை நிற்றலால், அதிலுள்ள புளி சுவையன்று, மரமே என்பது இலக்கணத்தாற் பெறப்படுகிறது. ஒரே ஒலியுடைய சொல் இரு பொருளைக் குறிக்குமிடத்து, எப்பொருள் கருதப்பட்டது என்பதை அடுத்து வரும் சொல்லோடு அது சேரும் முறையே காட்டிவிடுகிறது என்பது புணர்ச்சி விதியைக் கடந்து பொருட்கொள்கையாகவும் கொள்ளத்தக்க கருத்தாகும்.

சொல்லதிகாரத்துப் பெயரியலின் தொடக்க நூற்பாக்கள் இக்கொள்கையை வெளிப்படையாகவே வகுக்கின்றன. சொல் யாவும் பொருள் குறித்து நிற்பன என்று கூறிய ஆசிரியர், உடனே ஒரு சொல்லால் அதன் பொருளையும் அறியலாம், அச்சொல்லையே தனித்தும் அறியலாம் என்று பிரிக்கிறார். புளியங்குடி எலுமிச்சைக்குப் பெயர்பெற்றது என்னும்போது அப்பெயர் ஊரைக் குறிக்கிறது. புளியங்குடி ஆறெழுத்தாலானது என்னும்போது அது தன்னையே குறிக்கிறது. சொல்லைப் பயன்படுத்துதல் வேறு, சொல்லைப் பற்றிப் பேசுதல் வேறு என்னும் இப்பாகுபாட்டை மேலைத் தருக்கவியலார் 20-ஆம் நூற்றாண்டில் மிகவும் வற்புறுத்தினர். தமிழிலக்கணம் சொற்பொருள் ஆராய்ச்சிக்கு இதனையே தொடக்கமாக வைத்துள்ளது. அடுத்த நூற்பா, பொருள் சொல்லில் வெளிப்படையாக நிற்றலும் குறிப்பினால் தோன்றலும் உண்டு என்று மேலும் பகுக்கிறது.

ஆயினும் தொல்காப்பியத்தின் பொருட்கொள்கை முழு வலிமையுடன் விளங்குவது உரியியலில்தான். அருஞ்சொற்களுக்குப் பொருள் கூறும் அகராதிப் பகுதியாக மட்டும் அவ்வியலைக் கருதிப் பலர் விரைந்து கடந்துவிடுகின்றனர். அதன் இறுதியிலுள்ள சில நூற்பாக்கள் சொற்பொருள் விளக்கத்தின் எல்லையையே ஆராய்கின்றன. அறியாத சொல்லை அறிந்த சொல்லால் விளக்குகிறோம். அவ்விளக்கச் சொல்லுக்கும் பொருள் கேட்டால் இன்னொரு சொல்லால் விளக்க வேண்டும். இவ்வாறு பொருளுக்குப் பொருள் தேடிச் செல்லின் முடிவிராது என்பது அங்குக் கூறப்படும் முதற் கருத்து. அவ்வாறாயின் விளக்கம் எங்கு நிற்கும் என்பதற்கு, உணர்த்தும் வழி கேட்போரின் உணர்வை ஆதாரமாகக் கொண்டது என்று தொல்காப்பியர் விடை கூறுகிறார். மேலும், ஒரு சொல் ஒரு பொருளை உணர்த்துவதற்குரிய காரணம் பளிச்செனத் தோன்றாது என்கிறார். பொருள் அகராதியில் இல்லை, பேசுவோரும் கேட்போரும் பகிர்ந்துகொள்ளும் வழக்கில் உள்ளது என்னும் நிலைப்பாட்டை இவற்றினின்றும் பெறலாம். 1953-இல் வெளிவந்த விட்கன்ஸ்டைனின் 'தத்துவ ஆய்வுகள்' வேறு பாதையில் வந்து இதற்கு அணித்தான இடத்தை அடைகிறது.

காரணம் தோன்றாது என்னும் இக்கருத்திற்கு உரை வகுத்த சேனாவரையர், வடமொழி இலக்கணத்தில் ஆழ்ந்த புலமை உடையவராதலின், தொல்காப்பியரின் சொல்லாட்சியை நுணுகி நோக்கினார். சொல்லும் பொருளும் இயற்கையாகவே இயைந்தவை என்பாரும், வேறு காரணத்தால் இயைந்தவை என்பாரும் என இரு சாரார் உளர் என்று அவர் எடுத்துக்காட்டுகிறார். முன்னது மீமாம்சகர் கொள்கையோடு ஒக்கும். பின்னது, இச்சொல்லால் இப்பொருள் உணரப்படுக என்னும் ஏற்பாடே பொருளுணர்ச்சிக்குக் காரணம் என்ற நையாயிகர் கொள்கைக்கு இடந்தரும். இவ்விரண்டனுள் ஒன்றைச் சேனாவரையர் தேர்ந்துகொள்ளவில்லை. காரணம் இல்லை என்னாமல் விளங்கத் தோன்றாது என்று ஆசிரியர் கூறியதனால், உண்மைக் காரணம் ஆசிரியர்க்குப் புலனாகலாம், நம்மனோர்க்குப் புலனாகாது என்று அமைகிறார். சொல்லின் பிறப்பை உறுதியாகக் கூற இயலாவிடினும் அதன் பொருளை ஐயமின்றி உணர இயலும் என்னும் தெளிவு இவ்வமைதியிலே அடங்கியுள்ளது.

13-ஆம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூல் இவ்விவாதத்தைப் பாகுபாடாக மாற்றியது. காரணம் புலப்படாமல் இடப்பட்டு வழங்குவது இடுகுறிப் பெயர். காரணம் பற்றி வழங்குவது காரணப் பெயர். இவற்றிடையே காரண இடுகுறி என்பதொரு வகையையும் உரைமரபு கண்டது. முள்ளுடைமை காரணமாக ஒரு செடி முள்ளி எனப்பட்டது; ஆயினும் முள்ளுடைய செடியெல்லாம் முள்ளி ஆவதில்லை. புளியங்குடியும் இவ்வகையினதே. புளியமரமும் குடியிருப்பும் அப்பெயர் தோன்றுவதற்குக் காரணமாயிருக்கலாம். ஆனால் மரங்கள் யாவும் அழிந்தாலும் அப்பெயர் அவ்வூரையே குறிக்கும், புளியமரம் நிறைந்த வேறோர் ஊரைக் குறிக்காது. ஜான் ஸ்டூவர்ட் மில் 1843-இல் வெளியிட்ட தருக்க நூலில், டார்ட் ஆற்றின் முகத்துவாரத்தில் இருப்பதால் டார்ட்மவுத் எனப்பட்ட ஊர், ஆறு திசைமாறினாலும் அப்பெயரை இழக்காது என்று இதனையே வாதிட்டார்.

நன்னூற் பெயரியல் இன்னொரு நுட்பமும் உடையது. இடுகுறியும் காரணமும் ஆகிய பெயர்கள் முன்னோரிடமிருந்து வழிவழி வரும் மரபுப் பெயராகவும், புதிதாகப் படைக்கப்படும் ஆக்கப் பெயராகவும் அமையும் என்று அது கூறுகிறது. சால் கிரிப்கி 1970-இல் பிரின்ஸ்டனில் ஆற்றிய விரிவுரைகளில், முதலில் பெயரிடும் நிகழ்வும் பின்னர் ஒருவரிடமிருந்து மற்றவர் அப்பெயரை ஏற்றுவரும் தொடர்ச்சியுமே பெயரைப் பொருளோடு பிணைக்கின்றன என்றார். இடுதல், மரபு என்னும் நன்னூற் கருத்துகளை இணைத்துப் பார்ப்போர்க்கு அவ்விரிவுரைகள் அயலாகத் தோன்றா.

இம்மரபின் பிற்காலச் சிறப்பிற்கு நெல்லைச் சீமை பெரிதும் காரணமாயிற்று. இன்று புளியங்குடி அடங்கிய தென்காசி மாவட்டத்திலேயே உள்ள ஊற்றுமலையின் ஜமீன்தார் மருதப்பத் தேவர் வேண்டத் திருநெல்வேலிச் சங்கர நமச்சிவாயர் நன்னூலுக்கு உரை எழுதினார். அதனைப் பொருநைக் கரையிலுள்ள விக்கிரமசிங்கபுரத்தில் பிறந்து 1785-இல் மறைந்த சிவஞான முனிவர் திருத்தி நன்னூல் விருத்தியாக்கினார். சேனாவரையரின் நுட்பம் நன்னூல் கற்போரையும் எட்டியது இவ்வுரையின் வழியே.

தமிழ் மரபு விரிவாகச் செல்லாத இடமும் உண்டு. ஒரு பொருளுக்குரிய பல பெயர்களைத் தனித்தனி வினையோடு முடித்தால் அவை ஒருவரையே குறிப்பனவாகா என்று தொல்காப்பியத்தின் கிளவியாக்கம் விதிக்கிறது. ஆசிரியர் வந்தார், சாத்தனார் உண்டார் எனின் இருவர் எனவே கேட்போர் கொள்வர். பெயர் பல, பொருள் ஒன்று என்னும் உண்மை இங்கு நன்கு உணரப்பட்டுள்ளது. ஆயினும் விடிவெள்ளியும் அந்திவெள்ளியும் ஒரே கோள் என்பது எவ்வாறு புதிய அறிவாகிறது என்று 1892-இல் கொட்லோப் ஃபிரேகே எழுப்பிய வினா இங்கு எழவில்லை. குறிக்கப்படும் பொருள் வேறு, அது காட்டப்படும் முறை வேறு என்ற அவரது பாகுபாட்டைத் தமிழ் மரபின்மேல் ஏற்றிக் கூறுவது இரண்டிற்கும் நேர்மையாகாது.

இன்று பள்ளிகளில் இடுகுறியும் காரணமும் எடுத்துக்காட்டுகளோடு மனப்பாடப் பகுதியாகக் கற்பிக்கப்படுகின்றன. அவற்றின் பின்னணியாகிய உரியியல் நூற்பாக்களும் சேனாவரையர் உரையும் உயர்கல்வியிலும் சிலராலேயே ஊன்றிப் படிக்கப்படுகின்றன. தமிழ்த் துறைகளும் தத்துவத் துறைகளும் இணைந்து இப்பகுதிகளைப் பொருட்கொள்கை நூலாகவே பாடம் சொல்ல வேண்டும்.