திரையில் தெரிந்த கேரளம்

வில்லியனூர், பாகூர் வயல்வெளிகளிடையே வாழும் நமக்கும், மேலைக் கடலோரத்து மாகிக்கும் என்ன உறவு? ஒரே புதுச்சேரி ஆட்சியின்கீழ் இருக்கிறோம். மாகியின் மலையாளமோ நம் தமிழின் உடன்பிறப்பு. அம்மொழியின் படக்கலை தன் மக்கள் வாழ்வை எவ்வாறு காட்டிற்று என அறிவது, நமக்கு அயல்வீட்டுக் கதையன்று.

அதன் தொடக்கத்திலேயே தமிழ் மண்ணின் தொடர்பு உண்டு. முதற் பேசும் படமாகிய 'பாலன்', சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரத்தின் முயற்சியால் 1938-இல் வந்தது. அதற்கும் முற்பட்ட 'விகதகுமாரன்' என்னும் பேசாப் படத்தை எடுத்தவர், அகத்தீசுவரத்தில் பிறந்த ஜே.சி. டேனியல். அதில் நாயர் குலப் பெண்ணாக நடித்தார் பி.கே. ரோசி. தாழ்த்தப்பட்ட குலத்துப் பெண் உயர்குலப் பெண்ணாக நடிப்பதா? சாதிவெறி சீறிற்று! திருவனந்தபுரத்தில் கலகம் மூண்டது. ரோசி ஊரைவிட்டே விரட்டப்பட்டார். பெயரை மறைத்து வாழ்ந்து மறைந்தார். அப்படச்சுருளும் அழிந்தது. கதையிற்கூடச் சாதி வேலியைத் தாண்டவிடாத கொடுமையை என்னென்பது?

ஆனால், காலம் வாளாவிருக்கவில்லை. பிரெஞ்சு ஆட்சி நம் மண்ணைவிட்டு அகன்ற அதே 1954-இல், ராமு காரியாட்டும் பி. பாஸ்கரனும் இயக்கிய 'நீலக்குயில்' வெளிவந்தது. தாழ்த்தப்பட்ட குலத்து நீலியைக் காதலித்து, அவள் கருவுற்றதும் சாதிக்கு அஞ்சிக் கைவிடுகிறான் ஒருவன். அவள் ஈன்று மடிந்த குழந்தையை வளர்ப்பவர் ஓர் அஞ்சற்காரர். கைவிட்ட கோழை யார்? பள்ளியாசிரியன்! கற்பிக்கும் தொழிலில் உள்ள நாம் தலைகுனிய வேண்டிய இடம் அது. ஏட்டில் சமத்துவம் படித்து, வீட்டில் சாதி வளர்ப்போர் இன்றும் நம்மிடையே இல்லையா?

1973-இல் எம்.டி. வாசுதேவன் நாயரின் 'நிர்மால்யம்' மேலும் துணிந்தது. அம்மன் அருள்வாக்குச் சொல்லும் வெளிச்சப்பாடு, வறுமை தன் குடும்பத்தைச் சிதைத்தது கண்டு, அவ்வம்மன் சிலைமீதே உமிழ்ந்து வீழ்கிறான். 2021-இல் வந்த 'தி கிரேட் இந்தியன் கிச்சன்', அடுப்படியே ஒரு பெண்ணுக்குச் சிறையானதைக் காட்டிற்று. 2023-இல் தமிழிலும் எடுக்கப்பட்டது.

படம் ஒரு கண்ணாடி. கண்ணாடியைத் துடைத்தால் மட்டும் முகத்து அழுக்குப் போகாது. அன்று கல்லெறிந்தோரும், 1954-இல் நீலிக்காகக் கண்ணீர் விட்டோரும் ஒரே நாட்டினர்தாம். சாதியை எதிர்க்க அக்கண்ணீர் மட்டும் போதுமா?

இளைஞர்களே! அடுத்தமுறை கொட்டகையில் அமரும்போது, திரையில் யார் இருக்கிறார் என்று மட்டும் பாராதீர். யார் விடப்பட்டார் என்றும் கேளுங்கள். பின், நம் பள்ளியின் பலகையிலும் நம் தெருவின் திண்ணையிலும் அதே கேள்வியைக் கேட்போம்!